ரோலர் கோஸ்டரின் வளையம் ஏன் வட்டமாக இல்லை?

பயணிகளைத் தலைகீழாகச் சுழற்றும் ரோலர் கோஸ்டரைப் பக்கவாட்டிலிருந்து பார்த்தால், அதன் செங்குத்து வளையம் கவிழ்த்து வைத்த கண்ணீர்த்துளியைப் போல, உச்சியில் இறுக்கமாக வளைந்தும், கீழே வரவர வளைவு தளர்ந்து நேராகியும் இருப்பதைக் காணலாம். பயணியின் கழுத்தையும் முதுகெலும்பையும் காப்பதற்காகக் கணக்கிட்டுப் பெற்ற வடிவம் அது. கேளிக்கை இயந்திரங்களைத் தயாரிக்கும் நிறுவனங்களின் தலையாய வேலையே, உடல் எவ்வளவு விசையைத் தாங்கும் என்று வரையறுத்து, அதற்கேற்ப எஃகை வளைப்பதுதான்.

1895இல் நியூயார்க்கின் கோனி தீவில் இயங்கிய ஃபிளிப் ஃபிளாப் ரயில்வேயின் வளையம் கிட்டத்தட்ட முழு வட்டமாக இருந்தது. அதில் ஏறியவர்கள் கழுத்து வலியோடு இறங்கினார்கள். காரணத்தை எளிய கணக்கிலேயே காட்டிவிடலாம். உராய்வே இல்லை என்று வைத்துக்கொண்டாலும், முழு வட்டத்தின் உச்சியைக் கீழே விழாமல் கடப்பதற்குப் போதுமான குறைந்தபட்ச வேகத்தில் ஒரு வண்டி அடியில் நுழையும்போது, பயணி தன் எடையைப் போல் 6 மடங்கை உணர்வார். அதாவது, 60 கிலோ எடையுள்ளவர் 360 கிலோ எடையுள்ளவரைப் போல இருக்கையில் அழுந்துவார். அதுவும் படிப்படியாக வராமல், சமதளத்திலிருந்து வட்டத்துக்குள் நுழைந்த கணத்திலேயே வந்து தாக்கும்.

இந்த விசை வேகத்தின் இருமடிக்கு நேர்விகிதத்திலும், வளைவின் ஆரத்துக்கு எதிர்விகிதத்திலும் மாறுகிறது. எனவே வண்டி விரைந்து வரும் அடிப்பகுதியில் ஆரத்தைப் பெரிதாக்கி, அது ஏறி வேகமிழக்கும் உச்சியில் ஆரத்தைச் சுருக்கிவிட்டால், கீழே நசுக்கவும் செய்யாது, மேலே இருக்கையிலிருந்து பிரிக்கவும் செய்யாது. ஆரம் சீராக மாறிக்கொண்டே செல்லும் இத்தகைய வளைவைக் கிளாத்தாய்ட் என்பார்கள். நெடுஞ்சாலைத் திருப்பங்களிலும் ரயில் பாதைகளிலும் முன்பே பயன்பட்டதுதான். ஜெர்மானியப் பொறியாளர் வெர்னர் ஸ்டெங்கலின் கணக்கின்படி ஷ்வார்ஸ்காப்ஃப் நிறுவனம் தயாரித்த ரெவல்யூஷன் என்ற ரோலர் கோஸ்டர், 1976இல் கலிஃபோர்னியாவின் மேஜிக் மவுண்டன் கேளிக்கைப் பூங்காவில் திறக்கப்பட்டபோது, செங்குத்து வளையம் நவீன காலத்தில் மறுபிறவி எடுத்தது. ஒரே ஒரு கணித வளைவு இத்தனை பேரின் அச்சத்தை மகிழ்ச்சியாக மாற்றியிருப்பது எனக்கு இன்றும் வியப்பாகவே இருக்கிறது.

வடிவம் சரியாக இருந்தால் மட்டும் போதாது. வண்டி தண்டவாளத்தை விட்டு எழவும் கூடாது. அதற்காகக் குழாய்த் தண்டவாளத்தின் மேலே ஒன்று, பக்கவாட்டில் ஒன்று, அடியில் ஒன்று என மூன்று வகைச் சக்கரங்கள் அதைக் கவ்விப் பிடிக்கின்றன. அடிச்சக்கரத்துக்கு அமெரிக்க ரோலர் கோஸ்டர் வடிவமைப்பாளர் ஜான் மில்லர் 1919இல் காப்புரிமை பெற்றார். எஃகுக் குழாய்களை வளைத்துப் பற்றவைத்த பின், வெறுங்கண்ணுக்குத் தெரியாத விரிசல்களை மீயொலி அலைகளைச் செலுத்தித் தேடுகிறார்கள். பாதையை நிறுவி முடித்ததும், மனிதர்களை ஏற்றும் முன், தண்ணீர் நிரப்பிய பொம்மைகளை இருக்கைகளில் அமர்த்தி மீண்டும் மீண்டும் ஓட்டிப் பார்க்கிறார்கள்.

வண்டியின் வேகத்தைக் குறைக்கப் பல நிறுவனங்கள் இப்போது நிலைகாந்தங்களை நம்புகின்றன. காந்தங்களுக்கிடையே செப்புத் தகடு விரையும்போது அதில் சுழல் மின்னோட்டம் தோன்றி இயக்கத்தை எதிர்க்கிறது. இதற்கு வெளி மின்சாரம் தேவையில்லை என்பதால், மின்தடை ஏற்பட்டாலும் பிடிப்பு குறையாது. ஆனால் வேகம் தணியத் தணிய அந்த எதிர்ப்பும் தணிந்துவிடுவதால், வண்டியை முற்றிலும் நிறுத்த உராய்வுப் பிரேக் வேண்டியிருக்கிறது. அதைச் சுருள்வில்லால் மூடி, அழுத்தக் காற்றால் மட்டுமே திறக்கும்படி அமைப்பது வழக்கம். காற்றழுத்தம் போய்விட்டால் பிரேக் தானாகவே பிடித்துக்கொள்ளும்.