நியாயப்பிரமாணம்: பவுல் எதைச் சொன்னார்?

தமிழ் பைபிளில் அப்போஸ்தலர் பவுலின் கடிதமான கலாத்தியர் 2:16ஐத் திறந்தால் "நியாயப்பிரமாணத்தின் கிரியைகள்" (கிரியைகள் என்றால் செயல்கள்) என்ற தொடர் அந்த ஒரே வசனத்தில் மூன்று முறை வருகிறது. அவற்றால் யாரும் நீதிமானாவதில்லை, அதாவது கடவுள் முன் நீதியுள்ளவராக ஏற்கப்படுவதில்லை, என்கிறார் பவுல். பவுலின் கடிதங்களில் மொத்தம் எட்டு இடங்களில் இது உண்டு, கலாத்தியரில் ஆறு, ரோமரில் இரண்டு (3:20, 3:28). ஐநூறு வருடமாகக் கிறிஸ்தவ உலகம் சண்டை போட்டுக்கொண்டிருக்கும் தொடர் இது. ஆனால் தமிழில் வாசிக்கும்போது நம் காதில் விழுவது ஒரு நீதிமன்ற வாசனைதான். நியாயம் என்றால் நியாயஸ்தலம், பிரமாணம் என்றால் சத்தியப்பிரமாணம், பதவிப் பிரமாணம். ஏதோ கடுமையான சட்டப்புத்தகம் ஒன்றைப் பவுல் தூக்கி எறிகிறார் என்றே தோன்றும்.

கிரேக்கத்தில் அந்த இடத்தில் இருக்கும் சொல் நோமொஸ். பங்கிடுதல் என்று பொருள்படும் வினையிலிருந்து வந்தது, சட்டம், வழக்கம் இரண்டையும் குறிக்கும். ஆனால் பவுல் இதைச் சொல்லும்போது பெரும்பாலும் மனதில் வைத்திருப்பது எபிரேயச் சொல்லான தோராவை, அதாவது மோசேயின் ஐந்து நூல்களையும் அவற்றின் போதனையையும். கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் யூதர்கள் தங்கள் வேதநூலைக் கிரேக்கத்துக்குக் கொண்டுபோனபோது, தோரா வந்த இடங்களில் பெரும்பாலும் நோமொஸ் என்று போட்டார்கள். அவர்களுக்கு அது இடறவில்லை, ஏனென்றால் தோரா என்றால் என்னவென்று வீட்டிலேயே தெரியும். பின்னால் வந்த நமக்குத்தான் சிக்கல்.

தோரா என்ற சொல்லின் வேர் சுட்டிக் காட்டுதல், கற்பித்தல் என்ற பொருள் கொண்டது. அம்பை இலக்கு நோக்கி எய்வதற்கும் இதே வேரெழுத்துகளில் ஒரு வினை உண்டு. ஆக, தோரா முதலில் போதனை, வழிகாட்டல். அதற்குள் கட்டளைகளும் இருக்கின்றன, ஆபிரகாமின் கதையும் இருக்கிறது, செங்கடலைக் கடந்த கதையும் இருக்கிறது. நீதிமொழிகள் 1:8இல் தாய் பிள்ளைக்குச் சொல்லும் புத்திக்கும் எபிரேயத்தில் தோரா என்ற சொல்தான். அங்கே நம் பழைய மொழிபெயர்ப்பு "தாயின் போதகம்" என்று மிக அழகாகச் சொல்லியிருக்கிறது.

இப்போது இன்னொன்றைப் பாருங்கள். சங்கீதம் 1ஐ ஞாயிறு பள்ளிப் பிள்ளைகள் மனப்பாடமாகச் சொல்வார்கள். கர்த்தருடைய வேதத்தில் பிரியமாயிருந்து, இரவும் பகலும் அதைத் தியானிக்கிறவன் பாக்கியவான். இங்கே "வேதம்" என்று இருப்பதும் தோராதான். சங்கீதம் 119:97இல் "உமது வேதத்தில் நான் எவ்வளவு பிரியமாயிருக்கிறேன்" என்று ஒருவர் உருகுகிறாரே, அதுவும் தோராதான். யோசுவா 1:8 போன்ற இடங்களில் பழைய ஏற்பாட்டிலும் நியாயப்பிரமாணம் என்ற சொல் வருகிறது, இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அன்பும் ஏக்கமும் பொங்கும் பாடல்களில் வேதம், பவுல் வாதாடும் இடங்களில் நியாயப்பிரமாணம் என்று பிரிந்து போனதால், இரண்டும் ஒரே பொருள் என்பது தமிழ் வாசகருக்குத் தெரியாமலே போய்விட்டது. போதாக்குறைக்கு, தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கு வேதம் என்றால் முழு பைபிள். தெற்கே கிறிஸ்தவர்களை வேதக்காரர் என்றும் ஆலயத்தை வேதக்கோவில் என்றும் சொல்லும் வழக்கம் உண்டு அல்லவா? ஆகவே சங்கீதக்காரன் தோராவின் மீது கொண்ட காதல் நம் பைபிளின் கணக்கில் சேர்ந்துவிட்டது, நியாயப்பிரமாணத்தின் மேல் விழுந்த கசப்பு மட்டும் யூதர்களின் கணக்கில் தங்கிவிட்டது. இது எனக்கு உண்மையிலேயே வலிக்கிற விஷயம், ஏனென்றால் இந்தப் பிரிவினை பவுலின் வாயிலிருந்து வந்ததல்ல.

பவுல் எட்டாம் நாளில் யூத அடையாளச் சடங்கான விருத்தசேதனம் பெற்றவர், தோராவை நுணுக்கமாகக் கடைப்பிடித்த பரிசேயர் பிரிவைச் சேர்ந்தவர், அதை அவரே பிலிப்பியர் 3:5இல் சொல்கிறார். நியாயப்பிரமாணம் பரிசுத்தமுள்ளது என்று ரோமர் 7:12இல் எழுதியவரும் அவரேதான். பிறகு ஏன் அதன் கிரியைகளால் யாரும் நீதிமானாவதில்லை என்கிறார்? 16ஆம் நூற்றாண்டு ஜெர்மானியச் சீர்திருத்தவாதி மார்ட்டின் லூத்தர் இதைத் தன் காலத்துப் போராட்டத்தின் வழியாக வாசித்தார், நற்செயல்களால் புண்ணியம் சேர்த்துப் பரலோகத்தைச் சம்பாதிக்கும் முயற்சி என்று எடுத்துக்கொண்டார். 1522இல் ரோமர் 3:28ஐ ஜெர்மனில் பெயர்த்தபோது கிரேக்கத்தில் இல்லாத "மட்டும்" என்ற சொல்லையும் சேர்த்தார். அந்த வாசிப்பில் யூத மதம் புண்ணியக் கணக்கு எழுதும் மதமாகிவிட்டது.

1977இல் புதிய ஏற்பாட்டு அறிஞர் ஈ. பி. சாண்டர்ஸ் பவுலின் காலத்தை ஒட்டிய யூத நூல்களை வரிசையாகப் படித்துக் காட்டியபோதுதான் இந்தப் படம் பெரிதாக ஆட்டம் கண்டது. யூதருக்கு முதலில் வருவது கடவுளின் தெரிந்தெடுப்பும் உடன்படிக்கையும், தோராவின்படி நடப்பது அந்த உறவுக்குள் நிலைத்திருக்கும் வழி, உள்ளே நுழையக் கொடுக்கும் கட்டணம் அல்ல என்றார். அப்புறம் 1980களில் இன்னொரு அறிஞர் ஜேம்ஸ் டன் இன்னும் ஒரு அடி வைத்தார். பவுல் இந்தத் தொடரை எடுக்கும் இடம் எது என்று பாருங்கள் என்றார். அந்தியோகியாவில் ஒரு பந்தி. யூதரல்லாதவர்களோடு உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்த இயேசுவின் சீடர் பேதுரு, எருசலேம் சபைத் தலைவர் யாக்கோபிடமிருந்து ஆட்கள் வந்ததும் எழுந்து விலகிக்கொள்கிறார். அந்த நேரத்தில் பவுல் முகத்துக்கு நேரே எதிர்த்ததைச் சொல்லிவிட்டுத்தான் கலாத்தியர் 2:16க்கு வருகிறார். யாரோடு உண்பது, விருத்தசேதனம் உண்டா, எந்த நாளைக் கைக்கொள்வது, இவைதாம் அங்கே வழக்கு. பந்தியில் யாரோடு உட்காரலாம் என்பது எவ்வளவு பெரிய கேள்வி என்று நம் ஊரில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

இதற்கு எதிர்பாராத இடத்திலிருந்து ஒரு சாட்சி கிடைத்தது. 1952இல் சவக்கடல் அருகே உள்ள கும்ரானின் 4ஆம் குகையில் கிடைத்த சுருள்களில் ஒரு எபிரேய ஆவணம், கடிதம் போன்ற நடை, ஆறு கையெழுத்துப் படிகளின் துண்டுகளாக வந்தது. எலிஷா கிம்ரோனும் ஜான் ஸ்ட்ரக்னலும் அதை 1994இல் முழுமையாகப் பதிப்பித்தார்கள். அதில் வரும் ஒரு தொடரே அதற்குப் பெயரானது: மிக்சாத் மஆசே ஹதோரா, "தோராவின் செயல்களில் சில". பவுலின் கிரேக்கத் தொடருக்கு மிக நெருக்கமான எபிரேயத் தொடர் இது. உள்ளே என்ன இருக்கிறது? பாத்திரத்திலிருந்து பாத்திரத்துக்கு ஊற்றும் திரவம் தீட்டைக் கடத்துமா, எருசலேமுக்குள் நாய்களை விடலாமா என்பது மாதிரியான இருபதுக்கும் மேற்பட்ட விஷயங்கள். நாங்கள் மக்கள் திரளிலிருந்து பிரிந்து வந்தோம் என்றும் ஒரு வரி இருக்கிறது. முடிவில், இவற்றைச் செய்தால் அது உனக்கு நீதியாக எண்ணப்படும் என்கிறது. ஆதியாகமம் 15:6இன் அந்த "நீதியாக எண்ணப்படும்" தொடரையே பவுலும் கலாத்தியர் 3:6இல் எடுக்கிறார், ஆனால் ஆபிரகாமின் விசுவாசத்தைக் காட்டி. ஒரே வீட்டுக்குள் நடந்த வாக்குவாதம் இது.

எல்லாம் தீர்ந்துவிட்டதா என்றால் இல்லை. ரோமர் 4:4இல் வேலை செய்கிறவனுக்குக் கூலி கடன் என்று பவுல் பேசும்போது பந்தியும் விருத்தசேதனமும் மட்டும் போதாது, லூத்தர் பிடித்த இழை அங்கே இருக்கத்தான் செய்கிறது. டன்னும் பின்னாளில், தோரா கேட்கும் எல்லாச் செயல்களும் அதில் அடங்கும், எல்லைக்கோடாக நின்றவை முன்னால் வருகின்றன என்றுதான் விளக்கினார்.

சரி, தமிழில் என்ன சொல்வது? பழைய மொழிபெயர்ப்பாளர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நோமொஸ் என்ற ஒரே சொல்லை அவர்கள் கண்ணை மூடிக்கொண்டு ஒரே மாதிரி போடவில்லை. மோசேயினுடையது என்றால் நியாயப்பிரமாணம், ரோமர் 7:23இல் அவயவங்களில் போராடும் வேறொன்று என்றால் வெறும் பிரமாணம் என்று கவனமாகப் பிரித்தார்கள். 1995இன் பொது மொழிபெயர்ப்பு திருச்சட்டம் என்கிறது. "திரு" சேர்ந்ததால் மரியாதை வந்தது, ஆனால் சட்டம் சட்டமாகவே நிற்கிறது. வேதம் என்றால் நான்கு வேதங்களோ முழு பைபிளோதான் நினைவுக்கு வரும். படிப்புக்கும் விளக்கத்துக்கும் தோரா என்று அப்படியே எழுதுவதுதான் நல்லது என்பது என் எண்ணம், அந்தச் சொல் இன்று புதிதும் அல்ல. தமிழ்ச் சொல்லே வேண்டுமென்றால் நெறி என்பேன். வழி என்ற பொருளும் ஒழுக்கம் என்ற பொருளும் அதில் சேர்ந்தே இருக்கின்றன, நெறிப்படுத்துதல் என்றால் வழிகாட்டுதல்தான், வேர்ப்பொருளுக்கு இவ்வளவு பக்கத்தில் வருவது வேறில்லை. கிரியைகள் என்பதற்கு ஒழுகலாறுகள். நடத்தல் என்ற வினையிலிருந்து வந்த ஹலாகா என்ற சொல்லால்தான் யூதர்கள் தோராவின்படி வாழும் முறையைச் சொல்கிறார்கள், நம்முடைய ஒழுகலாற்றிலும் அந்த ஆறு, அதாவது வழி, இருக்கிறது. ஆக, "தோரா நெறியின் ஒழுகலாறுகளால் ஒருவர் நீதிமானாக்கப்படுவதில்லை" என்று அந்த வசனத்தை ஒருமுறை வாசித்துவிட்டு, அதே மூச்சில் சங்கீதம் 119:97ஐ "உமது தோரா நெறியில் நான் எவ்வளவு பிரியமாயிருக்கிறேன்" என்று வாசித்துப் பாருங்கள்.