ஜெனோசைட்: இனப்படுகொலையா, இனவழிப்பா?

ஜெனோசைட் ஒன்றும் பழைய சொல் இல்லை. நாஜிகளுக்குத் தன் உறவினர் 49 பேரைப் பறிகொடுத்த போலந்து யூத வழக்கறிஞர் ரஃபேல் லெம்கின் உண்டாக்கியது, 1944இல்தான் அச்சில் வந்தது. கிரேக்கத்தில் கெனோஸ் என்றால் இனம், குலம் (நம் பேச்சில் வரும் 'சனம்' வடமொழி 'ஜன' வழியாக வந்தது, அதற்கும் கெனோஸுக்கும் வேர் ஒன்றுதான்). 'சைட்' லத்தீன், கொல்வது.

ஆனால் 1948 டிசம்பர் 9 அன்று ஐ.நா. ஏற்ற உடன்படிக்கையில் கொலை ஒரு வகை மட்டுமே. ஓர் இனத்தை முழுதாகவோ ஒரு பகுதியாகவோ ஒழிக்கும் நோக்கத்தோடு பிறப்பைத் தடுப்பதும், பிள்ளைகளைப் பிடுங்கி வேறு கூட்டத்திடம் கொடுப்பதும், உயிர்வாழவே முடியாத நிலைமையை வேண்டுமென்றே உருவாக்குவதும் அதே குற்றம்தான். அதனால்தான் பத்திரிகைகளில் வரும் 'இனப்படுகொலை' எனக்குப் போதவில்லை. ஈழத்தமிழர் எழுத்தில் அடிக்கடி பார்க்கிற 'இனவழிப்பு' தான் சரி. 'கருவறுத்தல்' இன்னும் அழுத்தம், ஆனால் சட்டச் சொல்லாக நிற்காது.

சரி, அரசுகள் ஏன் இந்தச் சொல்லைக் கண்டால் பதறுகின்றன? உடன்படிக்கையின் முதல் பிரிவே தடுப்போம், தண்டிப்போம் என்ற வாக்குறுதி. வாயைத் திறந்து சொல்லிவிட்டால் அப்புறம் சும்மா இருக்க முடியாது. 1994இல் ஆப்பிரிக்காவின் ருவாண்டாவில் ஹூட்டு தீவிரவாதிகள் டுட்சி இனத்தவரைக் கொன்று குவித்தார்கள். ஏப்ரல் 11, தலைநகர் கிகாலி: ஐ.நா.வின் பெல்ஜிய அமைதிப்படை தங்கியிருந்த தொழிற்பள்ளியில் சுமார் 2,000 பேர் தஞ்சம் புகுந்திருந்தார்கள், வெளியே கத்தியோடு கும்பல் காத்திருப்பது தெரிந்தே படை வண்டியேறிப் போனது, அன்றைக்கே பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள். பத்து நாளில் ஐ.நா. பாதுகாப்புச் சபை அங்கே மிச்சமிருந்த அமைதிப்படையையும் 270 பேராகக் குறைத்தது. ஜூன் 10 அன்று அமெரிக்க வெளியுறவுத் துறைப் பேச்சாளர் 'இனவழிப்புச் செயல்கள்' நடந்திருப்பதாக மட்டும் சொன்னார். அப்படி எத்தனை செயல் சேர்ந்தால் இனவழிப்பு ஆகும் என்று ஒரு நிருபர் கேட்டார். அதற்குப் பதில் சொல்லும் இடத்தில் நான் இல்லை என்றார் அவர்.

கைகட்டி நின்ற அரசுக்குச் சட்டத்தில் பெயரே இல்லையா என்றால், உண்டு. 1995 ஜூலையில் ஸ்ரெப்ரெனிட்சாவில் சுமார் 8,000 போஸ்னிய முஸ்லிம் ஆண்களும் சிறுவர்களும் கொல்லப்பட்ட வழக்கில், 2007இல் சர்வதேச நீதிமன்றம் செர்பியா தானே அதைச் செய்யவில்லை என்றது, ஆனால் அதைச் செய்த போஸ்னிய செர்பியப் படை மேல் செல்வாக்கு இருந்தும் தடுக்க முயலாததால் உடன்படிக்கையை மீறியது என்று தீர்ப்பளித்தது. எந்த அரசுக்கு எவ்வளவு செல்வாக்கோ, அந்த அளவுக்குப் பொறுப்பு என்பதுதான் நீதிமன்றம் வைத்த அளவுகோல். இழப்பீடு மட்டும் ஒரு காசு கிடையாது.