எங்க ஊர்ல பாம்பு எந்த நேரத்துல கடிக்கும்?

நான் டெல்டா பக்கம் ஒரு ஆரம்ப சுகாதார நிலையத்துல டாக்டர். பாம்புக்கடின்னு வர்றவங்ககிட்ட எப்போ, எங்க, என்ன வேலையா இருந்தீங்கன்னு கேட்டு எழுதி வைப்பேன், அந்த நோட்டைப் புரட்டினா ஊரோட ஒரு நாள் பொழுது முழுசா அதுல இருக்கும். விடியக்காலைல கொல்லைக்குப் போனவங்க, வெறகு உருவ கையை விட்ட ஆச்சி, வைக்கோல் கட்டு தூக்கினவரு, மாட்டுக்குப் புல்லறுத்தவங்க, அப்புறம் ராத்திரி மோட்டார் போட வரப்புல வெறுங்காலோட நடந்தவங்க. த்ரீ ஃபேஸ் கரண்ட் ராத்திரி வந்தா மனுஷன் ராத்திரிதானே போவான், அஜாக்கிரதைன்னு அவரைத் திட்டி என்ன ஆகப்போவுது? சேத்துல செருப்பு நிக்காதுதான், ஆனா வரப்புல நடக்கறப்பவாவது ஷூ போடுங்க, டார்ச்சும் கம்பும் இல்லாம இறங்காதீங்க, எலி இருக்கற வரப்புல கண்ணாடி விரியனும் இருக்கும்.

வீட்டுக்குள்ள வர்றது கட்டு விரியன். தரையில பாய் விரிச்சுப் படுத்திருக்கறவங்களைத் தூக்கத்துலயே கடிச்சிரும், வலி வீக்கம் பெருசா இருக்காது, பல்லுத்தடம் கூட சில சமயம் தெரியாது. காலைல வயித்து வலிங்கறாங்க, வீட்ல சோடா வாங்கிக் கொடுத்து படுக்க வைக்கறாங்க, அப்புறம் இமையைத் தூக்க முடியல, எச்சில் முழுங்க முடியலன்னு ஆனப்புறம்தான் தூக்கிட்டு ஓடி வர்றாங்க. கொசுவலையை பாய்க்கு அடியில சுத்தி நல்லா செருகிட்டுப் படுத்தா இதுல பாதி வராதுன்னு நான் சொல்லுவேன்.

இங்க வந்ததும் ரெண்டு மில்லி ரத்தத்தை சுத்தமான கண்ணாடி டியூப்ல விட்டு 20 நிமிஷம் ஆட்டாம வைப்போம், அப்புறம் சாய்ச்சா உறையாம தண்ணியா ஓடுச்சுன்னா கண்ணாடி விரியனோ சுருட்டையோ கடிச்சு விஷம் ஏறியிருக்குன்னு அர்த்தம். "ஒரு ஊசி போட்டு விட்டுருங்க சார், ஏன் சும்மா பாத்துட்டிருக்கீங்க"ன்னு கூட வந்தவங்க சத்தம் போடறது இந்த நேரத்துலதான். பாம்பை அடிச்சுப் பையில போட்டுட்டு வராதீங்க, நாகம், கட்டு விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை நாலுக்கும் மருந்து ஒண்ணுதான். அந்த மருந்து தயாரிக்கத் தேவையான பாம்பு விஷத்தை, மாமல்லபுரம் பக்கத்துல வடநெம்மேலியில இருக்கற, பாம்பு பிடிக்கற இருளர் பழங்குடி ஜனங்களோட கூட்டுறவு சங்கம் எடுத்துக் கொடுக்குது, 1978ல ஆரம்பிச்ச சங்கம் அது.

இந்தியால 2000லேர்ந்து 2019 வரை வருஷத்துக்கு சராசரியா 58,000 பேர் பாம்புக்கடியில செத்திருக்காங்க, பெரும்பாலும் கிராமத்து ஜனம். கயிறு போட்டு இறுக்காதீங்க, கீறாதீங்க, மந்திரிக்கக் கூட்டிட்டுப் போய் நேரத்தை விடாதீங்க. எலும்பு முறிஞ்ச மாதிரி கட்டை வெச்சு அசையாம கட்டி, 108 வர லேட்டாகும்னா பைக்ல நடுவுல உக்கார வெச்சு நேரா வாங்க, மெட்டி, மோதிரம், கொலுசை மட்டும் கிளம்பறதுக்கு முன்னாடியே கழட்டிருங்க, வீங்கினப்புறம் வெட்டித்தான் எடுக்க வேண்டியிருக்கு.