சுலைமானியா: புகைக்கும் சுமைக்கும் போட்ட பாதை

ஆமணக்கெண்ணெய் விளக்கின் மேல் பித்தளைத் தட்டைக் கவிழ்த்துக் கண்மை எடுப்பதைப் பார்த்திருக்கிறீர்களா? சுடர் தட்டைத் தொடக்கூட வேண்டியதில்லை. கரி தானாகவே போய் அதில் ஒட்டிக்கொள்ளும். இதே வேலையை ஒரு பெரிய கட்டடத்தின் அளவில் செய்த இடம் இஸ்தான்புல்லில் இருக்கிறது. உதுமானிய சுல்தான் முதலாம் சுலைமானுக்காக 1550-இல் தொடங்கி 1557-இல் முடிக்கப்பட்ட சுலைமானியா பள்ளிவாசல்தான் அது.

மின்சாரம் இல்லாத காலம். இரவுத் தொழுகைக்கு நூற்றுக்கணக்கான எண்ணெய் விளக்குகள் எரியும். அத்தனை புகையும் மேலே போய்ப் படிந்தால், எழுத்தும் ஓவியமுமாக இருக்கும் குவிமாடம் சில ஆண்டுகளில் அடுக்களைக் கூரையைப் போல் கறுத்துவிடும். கட்டியவர் சினான், புகையை எதிர்த்து நிற்கவில்லை; அதற்கு ஒரு வழி விட்டார். தலைவாசலுக்கு மேலே ஒரு சிறு அறை. அதன் சுவரில் கூடத்தை நோக்கிய திறப்புகள். விளக்குச் சூட்டில் காற்று மேலே எழும்புகிறது; அந்த இடத்தை நிரப்பக் கீழிருந்து குளிர்ந்த காற்று வருகிறது. இந்த ஓட்டம் புகையை அறைக்குள் இழுத்துச் செல்லும்படி திறப்புகள் அமைக்கப்பட்டன.

அறைக்குள் நடப்பது கண்மைத் தட்டில் நடப்பதுதான். சூடான காற்றில் மூலக்கூறுகள் வேகமாகவும், குளிர்ந்த சுவரின் அருகே மெதுவாகவும் ஓடுகின்றன. இடையில் மிதக்கும் கரித் துகளைச் சூடான பக்கத்து மூலக்கூறுகள் பலமாக இடிக்க, அது குளிர்ந்த பக்கம் தள்ளப்பட்டுச் சுவரில் அப்பிக்கொள்கிறது. சுரண்டி எடுத்த கரியை வேலம்பிசினோடும் நீரோடும் குழைத்து எழுத்துக் கலைஞர்களுக்கான மை தயாரித்தார்கள். பிசின் ஒவ்வொரு துகளையும் போர்த்திக்கொள்வதால் கரி திரண்டு அடியில் தங்காது. புகை முழுவதும் சொன்னபடி கேட்டு அறைக்குள் போயிருக்கும் என்று நான் நம்பவில்லை. ஒரு பங்கு போயிருந்தாலே பெரிய காரியம்தான். சிலந்தி அண்டாமலிருக்க விளக்குகளோடு தீக்கோழி முட்டைகளைத் தொங்கவிட்டதாகவும் சொல்வார்கள். சிலந்தியைக் கேட்டால்தான் உண்மை தெரியும்.

புகையைவிடக் கடினமானது சுமை. குவிமாடத்தின் விட்டம் சுமார் 26.5 மீட்டர், தரையிலிருந்து உச்சி 53 மீட்டர், அதாவது ஏறத்தாழ இரு மடங்கு. செங்கல்லால் ஆன இந்தக் கவிழ்ந்த கிண்ணத்தின் எடை நேராகக் கீழே இறங்குவதில்லை. சுவரில் சாய்த்த ஏணியின் கால் வழுக்கப் பார்ப்பதுபோல, குவிமாடத்தின் அடிவிளிம்பு வெளிப்பக்கம் விரியப் பார்க்கிறது. செங்கல் கட்டுமானம் நசுக்கும் விசையைத் தாங்கும். இழுக்கும் விசையைத் தாங்காது. எனவே கட்டைவண்டிச் சக்கரத்தை இரும்புப் பட்டை இறுக்கிப் பிடிப்பதுபோல் அடிவிளிம்பை யாராவது சுற்றிப் பிடிக்க வேண்டும். கட்டுமானத்தில் இரும்புப் பிணைப்புகள் உண்டு. கற்களுக்கு நடுவே இரும்பை வைத்து, உருக்கிய ஈயத்தை ஊற்றி இறுக்கினார்கள். ஆனால் அந்த இரும்பை மட்டும் நம்பிக் குவிமாடத்தை நிறுத்த முடியாது.

அடுத்த சிக்கல், மேலே வட்டம், கீழே சதுரம். நான்கு பெரிய வளைவுகளுக்கு இடையே, மூலைகளில் கோளத்திலிருந்து வெட்டிய முக்கோணத் துண்டுகள்போல் நான்கு பரப்புகள் எழும்பி வட்டத்தை ஏந்துகின்றன. எடை அவற்றின் வழியே வழிந்து நான்கு பெருந்தூண்களில் இறங்குகிறது. தொழுகைத் திசையிலும் அதற்கு எதிரிலும் இரண்டு அரைக் குவிமாடங்கள் தோள்கொடுக்கின்றன. இந்த ஏற்பாடு அதே நகரில் 537-இல் தேவாலயமாகக் கட்டி முடிக்கப்பட்ட ஹாகியா சோபியாவிலிருந்து கற்றது. அங்கே முதல் குவிமாடம் 558-இல் இடிந்து விழுந்ததும், பிறகு வெளியே முட்டுச்சுவர் மேல் முட்டுச்சுவராக அடுக்க வேண்டிவந்ததும் சினானுக்கு நன்றாகத் தெரியும்.

அரைக் குவிமாடம் இல்லாத மற்ற இரண்டு பக்கங்களைத்தான் நான் நெடுநேரம் பார்ப்பேன். முட்டுக்கொடுக்க அங்கேயும் தடித்த சுவர்கள் வேண்டும். சினான் அவற்றைப் பாதி உள்ளேயும் பாதி வெளியேயுமாக வைத்து, இடைவெளிகளில் தூண்வரிசை கொண்ட தாழ்வாரங்களைப் பொருத்திவிட்டார். பார்ப்பவருக்குத் தெரிவது நிழல் விழும் தாழ்வாரம். அதற்குள் ஒளிந்து நிற்பது முட்டுச்சுவர்.

பெருந்தூண்களின் தலைக்கு மேலே, கூரையில் சிறு கோபுரங்கள் நிற்கின்றன. வெறும் அலங்காரம் என்று தோன்றும். ஏற்கெனவே சுமை தாங்கும் தூணின் மேல் இன்னும் கல்லை ஏற்றுவானேன்? குவிமாடத்திலிருந்து வரும் விசை சாய்வாக வருகிறது. அதோடு நேராக இறங்கும் எடையைச் சேர்த்தால், கூட்டு விசை செங்குத்துப் பக்கம் திரும்புகிறது. அந்த விசைக்கோடு தூணின் அடிப்பரப்புக்குள்ளேயே தரையைத் தொட்டால் தூண் நிற்கும். வெளியே போனால் கவிழும். இங்கே சுமை கூடுவதுதான் பாதுகாப்பு. சினான் படையில் இருந்தபோது பாலங்கள் கட்டிப் பழகியவர். இந்தக் கணக்கு அவருக்குக் கையிலேயே இருந்திருக்க வேண்டும்.

அப்படியும் இஸ்தான்புல் நிலநடுக்கங்களின் ஊர். 1660-இல் தீயில் பாதிக்கப்பட்ட பள்ளிவாசல், 1766 நிலநடுக்கத்தில் குவிமாடத்தின் ஒரு பகுதியையும் இழந்தது. அதே நடுக்கத்தில் அதே நகரின் ஃபாத்திஹ் பள்ளிவாசல் மறுபடி கட்ட வேண்டிய அளவுக்குச் சிதைந்தது. அதனால் "அசைக்கவே முடியாத அதிசயம்" என்று எழுதுபவர்களோடு எனக்கு ஒத்துப்போவதில்லை. பழுது பார்க்கப்பட்டு நிற்கும் கட்டடம் இது.

ஒலிக்காகவும் ஓர் ஏற்பாடு உண்டு. குவிமாடத்துக்குள் மண்பானைகள், வாய் கூடத்தைப் பார்த்தபடி பதிக்கப்பட்டிருக்கின்றன. காலிப் புட்டியின் வாயில் ஊதினால் ஒரே ஒரு சுரம் எழும் அல்லவா? பானைக்குள் இருக்கும் காற்றும் தனக்குரிய சுரம் வரும்போது அதிர்ந்து, அந்த ஒலியின் ஆற்றலில் கொஞ்சத்தைத் தன்னிடம் வைத்துக்கொள்கிறது. சினான் கூடத்தின் நடுவில் உட்கார்ந்து ஹூக்காவைக் குடகுடவென்று இழுத்து எதிரொலியைச் சோதித்தார், செய்தி கேட்டுச் சுல்தான் கோபத்தோடு வந்தார் என்று ஒரு கதை. அந்தக் கதை நடந்ததோ இல்லையோ, தரை நிறைந்த கம்பளமும் அதன்மேல் தோளோடு தோள் நிற்கும் மனிதர்களும் எந்தப் பானையையும்விட அதிக ஒலியை விழுங்கிவிடுகிறார்கள்.

சினான் 1588-இல் இறந்தார். பள்ளிவாசல் வளாகத்தின் வெளி மூலையில், தெருவோரம் சிறியதாக இருக்கிறது அவருடைய கல்லறை. உள்ளே, தலைக்கு எட்டுமோ என்று தோன்றும் அளவுக்குத் தாழ்வாகத் தொங்கும் விளக்கு வளையங்களில் இப்போது மின்விளக்குகள் எரிகின்றன. வாசலுக்கு மேலுள்ள அறைக்குக் கரி வருவதில்லை.