கற்பூரம் அரோமேட்டிக் இல்லையாம்

பக்கத்து வீட்டுப் பெண் பிளஸ் ஒன் படிக்கிறாள். போன வாரம் வேதியியல் விடைத்தாளோடு வந்து நின்றாள். ஒரு மதிப்பெண் கேள்வி: கீழ்க்கண்டவற்றுள் அரோமேட்டிக் சேர்மம் எது? கற்பூரத்துக்கு டிக் அடித்திருந்தாள். அதன் மேல் சிவப்பு மையில் பெரிய பெருக்கல் குறி. சரியான விடை ஆஸ்பிரின்.

"ஆஸ்பிரினுக்கு வாசனையே கிடையாது மாமா. கற்பூர டப்பாவைத் திறந்தா வீடே மணக்குது. இது என்ன நியாயம்?"

அவள் கேட்டதில் தப்பே இல்லை. அரோமா என்றால் மணம். அரோமேட்டிக் என்றால் மணமுள்ளது. தமிழில் 'நறுமணச் சேர்மம்' என்று எழுதுவதும் உண்டு. அது குழப்பத்தை இரட்டிப்பாக்குகிறது. (ஆஸ்பிரினுக்கு வாசனை இல்லை என்பதுகூட முழு உண்மையில்லை. மாத்திரை பழசாகி ஈரம் பட்டால் வினிகர் வாடை அடிக்கும். அந்த வாடை அதிலிருந்து பிரிந்து வரும் அசெட்டிக் அமிலத்துடையது.) வேதியியலில் இந்தச் சொல்லுக்கும் மூக்குக்கும் இருந்த உறவு அறுந்து ரொம்ப நாளாகிவிட்டது. ஒரு காலத்தில் அந்த உறவு நெருக்கமாகத்தான் இருந்தது. அதுவும் நம் வீட்டுச் சாமி அறையில் புகையும் ஒரு பொருளோடு.

நாட்டு மருந்துக் கடையில் பால் சாம்பிராணி என்று கேட்டால் வெள்ளையும் பழுப்புமாகக் கட்டி ஒன்றைத் தருவார்கள். சுமத்ரா பக்கம் வளரும் ஸ்டைராக்ஸ் மரத்தின் பட்டையைக் கீறினால் வடிந்து இறுகும் பிசின் அது. அரபு வணிகர்கள் அதை 'லுபான் ஜாவி' என்றார்கள். ஜாவாவின் சாம்பிராணி என்று பொருள். சுமத்ராவையும் அவர்கள் ஜாவா என்றே சொன்ன காலம். பெயர் மத்தியதரைக் கடலைத் தாண்டியபோது, முன்னால் இருந்த 'லு'வைத் தங்கள் மொழியில் பெயர்ச்சொல்லுக்கு முன் வரும் அடைச்சொல் என்று நினைத்து ஐரோப்பியர்கள் கழற்றிவிட்டார்கள். மிச்சம் இருந்த 'பான் ஜாவி' வாய்க்கு வாய் மாறிப் பென்சாயின் ஆனது.

மண்சட்டியில் இந்தப் பிசினைப் போட்டு, மேலே ஒரு காகிதக் கூம்பைக் கவிழ்த்து, மெல்லச் சூடு காட்டினால் கூம்பின் உட்பக்கத்தில் வெள்ளை வெள்ளையாக ஊசிகள் படியும். பதினாறாம் நூற்றாண்டிலேயே தெரிந்த சங்கதி இது. அந்த ஊசிகளுக்குப் பென்சாயிக் அமிலம் என்று பெயர். ஊறுகாய் பாட்டிலில் சோடியம் பென்சோயேட் என்று போட்டிருக்குமே, அது இதன் உப்புதான். 1833இல் மிட்சர்லிக் என்ற ஜெர்மன் வேதியியலாளர் பென்சாயிக் அமிலத்தைச் சுண்ணாம்போடு சேர்த்துச் சூடாக்கினார். அமிலத்திலிருந்து கார்பன் டை ஆக்சைடு கழன்றது. தெளிவான, சட்டென்று தீப்பிடிக்கும் ஒரு திரவம் வடிந்து வந்தது. அதற்குப் பென்சின் என்று பெயர் வைத்தார். இன்று நாம் சொல்லும் பென்சீன். ஜெர்மனியில் பெட்ரோலை 'பென்சின்' என்பார்கள். கார் கண்டுபிடித்த கார்ல் பென்ஸின் பெயரில் வந்தது என்று பலர் நம்புகிறார்கள். பென்ஸ் பிறந்தது 1844இல். சொல் அவரைவிட மூத்தது.

உண்மையில் அந்தத் திரவத்தை எட்டு ஆண்டுகளுக்கு முன்பே, 1825இல், மைக்கேல் ஃபாரடே பிரித்தெடுத்திருந்தார். எண்ணெயைச் சூடாக்கிக் கிடைத்த வாயுவை அப்போது லண்டனில் விளக்கெரிக்க உருளைகளில் அடைத்து விற்றார்கள். உருளையின் அடியில் தேங்கிய எண்ணெய்ப் பசையில்தான் அவருக்கு அது கிடைத்தது. பிறகு 1845இல் ஹோஃப்மன் என்ற ஜெர்மன் வேதியியலாளர் அதை நிலக்கரித் தாரில் கண்டார். அவருடைய மாணவர் சார்லஸ் மான்ஸ்ஃபீல்ட் தாரிலிருந்து அதைப் பெருமளவில் பிரிக்க வழி கண்டுபிடித்தார்; 1855இல் அதே வேலையின்போது பென்சீன் தீப்பிடித்து, காயத்தால் இறந்துபோனார். சாயத் தொழிலும் மருந்துத் தொழிலும் இந்தத் தார் வாளியிலிருந்துதான் எழுந்து வந்தன.

இதற்கிடையில் வேதியியலாளர்கள் ஒரு ஒற்றுமையைக் கவனித்தார்கள். கசப்பு வாதுமை எண்ணெய், தென் அமெரிக்காவின் டோலு பிசின் (டொலுயீன் என்ற பெயர் இதிலிருந்து வந்தது), சாம்பிராணி என்று மணக்கிற சரக்குகளைப் பிரித்துப் போட்டால் பலவற்றில் பென்சீனுக்குச் சொந்தக்காரப் பொருள்கள் வந்தன. ஆறு கார்பன் கொண்ட ஒரு கரு உடையாமல் திரும்பத் திரும்பத் தலை காட்டியது. 1855இல் ஹோஃப்மன் இந்தக் குடும்பத்து அமிலங்களை அரோமேட்டிக் என்று குறிப்பிட்டார். அவற்றில் பலவற்றுக்குச் சொல்லிக்கொள்ளும்படி மணமே இல்லை. தாத்தா வாத்தியாராக இருந்தால் பேரன் வீட்டையும் 'வாத்தியார் வீடு' என்றுதானே சொல்கிறோம்? அந்த மாதிரி ஒட்டிக்கொண்ட பெயர் இது.

சரி, அந்தக் கருவில் அப்படி என்ன இருக்கிறது?

பென்சீனில் 6 கார்பன், 6 ஹைட்ரஜன். கார்பனுக்கு நான்கு கைகள் என்ற கணக்குப்படி பார்த்தால் இதில் ஹைட்ரஜன் ரொம்பக் குறைச்சல். அப்படிக் குறைந்தால் கார்பன்கள் தங்களுக்குள் இரண்டு கைகளைக் கோத்து இரட்டைப் பிணைப்புப் போட்டுக்கொள்ளும். இரட்டைப் பிணைப்பு உள்ள பொருளைப் பிடிக்க ஆய்வகத்தில் எளிய சோதனை ஒன்று உண்டு: புரோமின் நீர். செம்பழுப்பாக இருக்கும். சமையல் எண்ணெயில் இரண்டு சொட்டு விட்டுக் குலுக்கினால் நிறம் போய்விடும். இரட்டைப் பிணைப்பு புரோமினைப் பிடித்து விழுங்கிவிடும். பென்சீனில் விட்டுக் குலுக்கினால்? நிறம் மேலே மிதக்கும் பென்சீனுக்குள் ஏறிக்கொள்ளும், அவ்வளவுதான். மறையாது. இரும்புத் தூளைப் போட்டு வற்புறுத்தினால்தான் வினை நடக்கும். அப்போதும் புரோமினைச் சேர்த்துக்கொள்ளாமல் ஒரு ஹைட்ரஜனைக் கழற்றிக் கொடுத்துவிட்டு அந்த இடத்தில் புரோமினை உட்கார வைக்கும். கருவை மட்டும் விட்டுக்கொடுக்காது.

1865இல் கெகுலே என்ற ஜெர்மன் வேதியியலாளர் இதை ஒரு வளையமாக வரைந்தார்: ஆறு கார்பன், ஒன்றுவிட்டு ஒன்று இரட்டைப் பிணைப்பு. கணப்பு அருகே கண்ணயர்ந்தபோது தன் வாலைத் தானே கவ்விய பாம்பைக் கனவில் கண்டதாக 25 ஆண்டுகள் கழித்து, தனக்கு எடுத்த விழாவில் சொன்னார். விழா மேடையில் சொன்ன கதைக்கு எவ்வளவு மதிப்போ அவ்வளவுதான் நான் அதற்குக் கொடுப்பேன். ஆனால் வளையம் சரி. இரட்டைப் பிணைப்புகளை நிறுத்திய விதம்தான் இடித்தது. ஒற்றைப் பிணைப்பின் நீளம் 154 பிகோமீட்டர் (ஒரு மீட்டரில் லட்சம் கோடியில் ஒரு பங்கு), இரட்டைப் பிணைப்பு 134. அவர் வரைந்தது உண்மையானால் வளையம் ஒரு பக்கம் நீளம், ஒரு பக்கம் குட்டை என்று மாறி மாறி இருக்க வேண்டும். 1929இல் கேத்லீன் லான்ஸ்டேல் என்ற விஞ்ஞானி பென்சீன் வளையமுள்ள ஒரு படிகத்தை எக்ஸ் கதிரால் படம்பிடித்துப் பார்த்தார். வளையம் தட்டையாக இருந்தது. ஆறு பக்கமும் ஒரே அளவு. பென்சீனில் அந்த அளவு 139 பிகோமீட்டர். ஒற்றையும் இல்லை, இரட்டையும் இல்லை.

நடந்திருப்பது இதுதான். ஒவ்வொரு கார்பனும் நான்கு எலக்ட்ரானில் மூன்றைப் பக்கத்துக் கார்பன்களையும் ஹைட்ரஜனையும் பிடிக்கச் செலவழித்துவிடுகிறது. மிச்சம் ஆளுக்கு ஒன்று. இந்த ஆறும் யாருடைய தனிச்சொத்தும் இல்லை; ஊர்ப் பொதுச்சொத்து. வளையத்தின் மேலே ஒரு சும்மாடு, கீழே ஒரு சும்மாடு வைத்தது போல எலக்ட்ரான் மேகம் பரவி நிற்கிறது. பாடநூலில் 'உள்ளடங்கா எலக்ட்ரான்கள்' என்று இருக்கும்.

பொதுவில் போட்டதால் லாபம் எவ்வளவு என்றுகூட அளந்துவிட்டார்கள். ஒரே ஒரு இரட்டைப் பிணைப்பு உள்ள ஆறு கார்பன் வளையத்தில் ஹைட்ரஜனை ஏற்றினால் ஒரு மோலுக்குச் சுமார் 120 கிலோ ஜூல் வெப்பம் வரும். மூன்று இருந்தால் 360 வர வேண்டும். பென்சீனில் வருவது சுமார் 208தான். மீதி 150 கிலோ ஜூலை அது ஏற்கெனவே இறக்கி வைத்துவிட்டு நிம்மதியாக உட்கார்ந்திருக்கிறது. புரோமினைச் சேர்த்துக்கொண்டால் அந்த நிம்மதி போய்விடும். அதனால்தான் அப்படி ஒரு பிடிவாதம்.

வேதியியலில் அரோமேட்டிக் என்பது இந்த நிம்மதியின் பெயர். தட்டையான வளையம், சுற்றி வர இடைவெளி இல்லாத எலக்ட்ரான் பாதை. இவை இரண்டு நிபந்தனைகள். மூன்றாவது கொஞ்சம் விசித்திரமானது: பொதுச்சொத்தாகச் சுற்றும் எலக்ட்ரான்களின் எண்ணிக்கை 2, 6, 10, 14 என்ற வரிசையில் இருக்க வேண்டும். அதாவது நான்கின் மடங்கோடு இரண்டு. எரிக் ஹுக்கெல் என்ற ஜெர்மன் விஞ்ஞானி 1931இல் போட்ட கணக்கிலிருந்து வந்த விதி. ஏன் இந்த எண்கள்? வளையத்தில் எலக்ட்ரான்களுக்கான இருக்கைகளை ஒரு பஸ்ஸாக நினைத்துக்கொள்ளுங்கள். முதல் வரிசையில் ஒரே ஒரு சீட்; இரண்டு பேர் உட்காரலாம். அடுத்தடுத்த வரிசைகளில் இரண்டிரண்டு சீட். வரிசைக்கு நான்கு பேர். 2 பேர் ஏறினால் ஒரு வரிசை நிறையும். 6 பேர் என்றால் இரண்டு வரிசை. நிறைந்த வரிசையோடு நிற்கும் வளையம்தான் அமைதியாக இருக்கும். 8 பேர் ஏறினால் கடைசி இருவர் ஆளுக்கொரு சீட்டில் துணையில்லாமல் உட்கார வேண்டியதுதான்.

அந்த எட்டுப் பேர் பஸ்ஸை 1911லேயே ஒருவர் செய்து பார்த்துவிட்டார், விதி வருவதற்கு முன்பே. வில்ஸ்டேட்டர் என்ற ஜெர்மன் வேதியியலாளர், மாதுளை மரப்பட்டையில் இருக்கும் ஒரு ஆல்கலாய்டில் (நைட்ரஜன் உள்ள தாவரப் பொருள்) தொடங்கிப் படிப்படியாக எட்டுக் கார்பன் வளையத்தைக் கட்டினார். ஒன்றுவிட்டு ஒன்று இரட்டைப் பிணைப்பு, காகிதத்தில் பார்த்தால் பென்சீனின் அண்ணன். ஆனால் குணம் சாதாரண எண்ணெயின் குணம்: புரோமினைக் கண்டவுடன் விழுங்கியது. வளையம் தட்டையாகக்கூட இல்லை, தொட்டி மாதிரி வளைந்துகொண்டது. தட்டையாக இருந்து அவதிப்படுவதைவிட வளைந்து தப்பிப்பது அதற்கு லாபம்.

விதி தெரிந்தால் அரோமேட்டிக் குடும்பத்தை எங்கும் அடையாளம் காணலாம். துணிப்பெட்டியில் போடும் அந்துருண்டையில் இரண்டு வளையம் ஒட்டி 10 எலக்ட்ரான். பென்சில் முனையில் அறுகோண வளையங்கள் ஓயாமல் அடுக்கியிருக்கின்றன. தண்ணீர் பாட்டிலின் பெட் பிளாஸ்டிக்கில், டி.என்.ஏ.வின் நான்கு எழுத்துகளில், பாராசிட்டமாலில் என்று எங்கும் உண்டு. வளையத்தில் கார்பன் மட்டும்தான் இருக்க வேண்டும் என்பதும் இல்லை. பிரிடீன் என்ற திரவத்தில் ஒரு கார்பன் இடத்தில் நைட்ரஜன். சுத்தமான அரோமேட்டிக், அழுகின மீன் நாற்றம்.

செய்தியில் இந்தச் சொல் வந்தால் பெரும்பாலும் நல்ல செய்தியாக இருக்காது. பாரத் ஸ்டேஜ் 6 என்ற இந்திய மாசுக் கட்டுப்பாட்டுத் தரத்தின்படி பெட்ரோலில் அரோமேட்டிக் 35 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது, அதிலும் பென்சீன் 1 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று வரம்பு. பென்சீன் ரத்தப் புற்றுநோய் வரவழைக்கும். இனிப்பான வாசனை அடிக்கிறதே என்று மோந்து பார்க்கிற பொருள் இல்லை. புகையிலும் கருகின இறைச்சியிலும் இருப்பதாகச் சொல்லும் பாலிசைக்ளிக் அரோமேட்டிக்குகள், பல வளையங்கள் ஒட்டிக்கொண்ட கூட்டம். அரோமாதெரபி, அரோமேட்டிக் ரைஸ் என்று கடைக்காரர் போடுவது வேறு. அது மூக்கின் சொல். பாஸ்மதி பையில் அரோமேட்டிக் என்று போட்டிருந்தால் மணக்கும் என்று அர்த்தம். அந்த மணத்தைத் தரும் முக்கியமான பொருளிலும் ஒரு வளையம் இருக்கிறது, ஆனால் எலக்ட்ரான்கள் சுற்றி வர வழியில்லை. வேதியியல் கணக்கில் அது அரோமேட்டிக் இல்லை.

கற்பூரத்துக்கும் அதே கதிதான். வளையம் உண்டு, பொதுச்சொத்து இல்லை. அதனால் அந்த ஒரு மதிப்பெண் போனது போனதுதான்.

இதையெல்லாம் கேட்டுவிட்டு அவள் அடுப்படிக்குப் போய் அஞ்சறைப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டாள். கிராம்பு? ஆமாம், யூஜினால், வளையம் உண்டு. பட்டை? ஆமாம். சோம்பு, சீரகம், ஓமம்? மூன்றும் ஆமாம். ஏலக்காய்? இல்லை. கொத்தமல்லி விதை? இல்லை. பெருங்காயம்? இல்லவே இல்லை, அது கந்தகத்தின் வேலை. மிளகு கொஞ்சம் சிக்கல்: காரம் தரும் பைப்பரின் அரோமேட்டிக், வாசனை தருபவற்றில் பெரும்பாலானவை இல்லை. நாக்கில் உறைப்பது குடும்பத்தில் உண்டு, மூக்கில் ஏறுவது இல்லை.

கடைசியாகத் தலையில் இருந்த மல்லிகையைத் தொட்டுக் காட்டினாள்.

"இதுல இண்டோல்னு ஒண்ணு இருக்கு. அசல் அரோமேட்டிக், 10 எலக்ட்ரான்."

"அப்போ இதுதான் மாமா நிஜமான நறுமணச் சேர்மம்!"

"கொஞ்சமா இருந்தா மல்லிகை. அதே இண்டோல் மலத்துலயும் இருக்கு."

"சீ!" என்று சொல்லிவிட்டு, பூவை எடுத்து ஒருமுறை ஆழமாக மோந்து பார்த்தாள்.