எலுமிச்சம்பழம் காட்டிய கணக்கு

கொல்லிமலைப் பேருந்து. காரவள்ளி தாண்டி ஏழெட்டு வளைவு ஏறியிருப்போம். பதினொன்றாம் வகுப்புப் படிக்கும் அண்ணன் மகள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்: “சித்தப்பா, டிரைவர் ஒரே ஸ்பீடுலதான் திருப்புறார். ஸ்பீடு மாறலைன்னா முடுக்கம் எங்கேயிருந்து வரும்? புக்ல மையநோக்கு முடுக்கம்னு போட்டிருக்கே?”

மலை ஏற மொத்தம் 70 கொண்டை ஊசி வளைவு. பதில் சொல்ல நேரம் நிறையவே இருந்தது.

முடுக்கம் என்பது திசைவேகம் மாறும் வீதம்; திசைவேகத்துக்கு அளவோடு திசையும் உண்டு. இது அவளுக்கு மனப்பாடம். அதுதான் தொல்லையே. சரி, புத்தகத்தை விட்டுவிட்டு வளைவையே பார்ப்போம் என்றேன். பேருந்து வடக்குப் பார்த்து மணிக்கு 20 கிலோமீட்டரில் நுழைகிறது. தெற்குப் பார்த்து அதே 20-இல் வெளியே வருகிறது. வேகமானியைக் கேட்டால் ஒன்றுமே நடக்கவில்லை என்று சத்தியம் செய்யும். ஆனால் வடக்கே போன 20 முழுக்கத் தீர்ந்து, தெற்கே புதிதாக ஒரு 20 வந்திருக்கிறது. மாற்றம் 40.

மாற்றியது யார்? டயருக்கும் சாலைக்கும் இடையே உள்ள உராய்வு. அதுதான் பேருந்தை வளைவின் மையத்தை நோக்கித் தள்ளிக்கொண்டே வருகிறது. நம்மை யாரோ வெளியே தள்ளுவது போலத் தோன்றுவதெல்லாம், உடம்பு நேராகப் போகப் பார்க்கையில் பேருந்தின் பக்கச் சுவர் திரும்பி வந்து நம் தோளில் இடிப்பதுதான்.

இனிமேல்தான் எனக்குப் பிடித்த இடம். வேகத்தின் வர்க்கத்தை ஆரத்தால் வகுத்தால் மையநோக்கு முடுக்கம். வர்க்கம் ஏன் வந்தது? வகுப்பில் முக்கோணம் வரைந்து நிரூபித்துவிடுவார்கள்; நாமும் எழுதி மதிப்பெண் வாங்கிவிடுவோம். அதே வளைவில் டிரைவர் 40-இல் திருப்புகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். வடக்கே 40, தெற்கே 40. மாற்றம் இப்போது 80, இரண்டு மடங்கு. அதோடு, வேகம் கூடியதால் வளைவைக் கடக்கும் நேரமும் பாதியாகிவிட்டது. இரண்டு மடங்கு மாற்றத்தைப் பாதி நேரத்தில் செய்து முடிக்க வேண்டும். ஆக நான்கு மடங்கு. வேகம் இரண்டு வாசல் வழியாக உள்ளே வருகிறது, வர்க்கம் என்பது அவ்வளவுதான். இதைச் சொன்னதும் அவள் விரலால் ஜன்னல் கண்ணாடியில் ஏதோ வரைந்து பார்த்துவிட்டு, “அட!” என்றாள்.

இந்த விதியை 1659-லேயே கண்டுபிடித்தவர் டச்சுக்காரரான ஹைகன்ஸ். 1673-இல் ஊசல் கடிகாரம் பற்றி அவர் எழுதிய நூலின் கடைசியில், நிரூபணம் இல்லாமல் தேற்றங்களாக மட்டும் போட்டுவைத்தார். அவர் சூட்டிய பெயர் ‘மையவிலக்கு’. அதைத் திருப்பிப்போட்டு ‘மையநோக்கு’ என்றவர் நியூட்டன்.

நம் வளைவுக்கு 12 மீட்டர் ஆரம் என்று கொண்டால், 20 கிலோமீட்டர் வேகத்தில் முடுக்கம் சுமார் 2.6 மீட்டர்/வினாடி², அதாவது புவியீர்ப்பு முடுக்கத்தில் கால்வாசி. 40-இல் பத்தைத் தாண்டுகிறது. காய்ந்த தார்ச் சாலையில் நல்ல டயரே ஏழெட்டுக்கு மேல் பிடிக்காது. உயரமான பேருந்து அதற்கு முன்பே கவிழ்ந்துவிடலாம். மழை பெய்து டயரும் வழுக்கையாக இருந்தால் கேட்கவே வேண்டாம்.

டிரைவர் தலைக்கு மேலே, கண்ணாடியில், திருஷ்டிக்காக ஒரு எலுமிச்சம்பழம் நூலில் தொங்கிக்கொண்டிருந்தது. தேய்ந்த டயருக்கு எலுமிச்சம்பழம் பரிகாரம் ஆகாது என்பது என் கட்சி. ஆனால் அன்று அதன்மேல் எனக்குப் பெரிய மரியாதை வந்துவிட்டது. நேர் சாலையில் ஒழுங்காகத் தொங்கும் பழம், ஒவ்வொரு வளைவிலும் வெளிப்பக்கம் சாய்ந்தது. நூலின் இழுவைக்கு இரண்டு வேலை: பழம் கீழே விழாமல் தாங்க வேண்டும், வளைவோடு சேர்த்து அதை உள்ளே இழுக்கவும் வேண்டும். நேராகத் தொங்கினால் முதல் வேலையை மட்டும்தான் செய்ய முடியும். அதனால் சாய்கிறது. சாயும் கோணத்தின் டான்ஜென்ட்டைப் புவியீர்ப்பு முடுக்கத்தால் பெருக்கினால் மையநோக்கு முடுக்கம் கைக்கு வந்துவிடும். பழத்தின் எடை கணக்கிலேயே வராது. பூசணிக்காயைக் கட்டினாலும் அதே கோணம்தான்.

அந்தப் பேருந்தில் வேகமானி முள் பூஜ்யத்திலேயே செத்துக் கிடந்தது. அடுத்த வளைவில் அவள் போனை நேராகப் பிடித்துப் பழத்தைப் படம் எடுத்தாள். வீட்டுக்கு வந்து, படத்தின்மேல் ஜாமெட்ரி பாக்ஸ் கோணமானியை வைத்து அளந்தோம்: 11 டிகிரி. வளைவில் வண்டியே கொஞ்சம் சாயும் என்பதால் ஓரிரு டிகிரி பிசகலாம். முடுக்கம் 1.9. அதை ஆரத்தால் பெருக்கி, வர்க்கமூலம் எடுத்து, மணிக்கு இத்தனை கிலோமீட்டர் என்று மாற்றினாள்.

“17 கிலோமீட்டர், சித்தப்பா.”