வயிற்றோட்டத்தோடு வேலைக்கு வருபவன் நல்ல பெடியன் அல்ல

போன செவ்வாய்க்கிழமை கிழக்கு லண்டனில் நம்மவர் கடை ஒன்றுக்கு உணவுச் சுகாதாரப் பயிற்சி கொடுக்கப் போயிருந்தேன். காலை பதினொரு மணி. குசினியில் ஒரு பெடியன் சம்பலைக் கையால் பிசைந்துகொண்டு நின்றான். முகம் வெளிறிப் போயிருந்தது. நான் நின்ற அரை மணி நேரத்துக்குள் இரண்டு தரம் போட்டது போட்டபடி கழிவறைக்கு ஓடினான். முதலாளியிடம் விசாரித்தேன்.

"இரவிலையிருந்து சத்தி அண்ணை, வயித்தாலையும் போகுது. எண்டாலும் பாருங்கோ, வேலைக்கு வந்திட்டான். நல்ல பெடியன்."

இந்த வருடம் நான் கேட்ட நாலாவது நல்ல பெடியன் இவன். நாலு இடத்திலும் பெருமையாகத்தான் சொன்னார்கள். நான் முகத்தைச் சுளித்ததும் முதலாளி வாசல் கண்ணாடியைக் காட்டினார். அங்கே சுகாதார மதிப்பீடு ஐந்துக்கு ஐந்து என்று பச்சை ஸ்டிக்கர். அந்த ஐந்து, அதிகாரி வந்துபோன நாளுக்கான ஐந்து. இன்றைக்குச் சம்பலுக்குள் இருக்கும் கை யாருடையது என்று அதற்குத் தெரியாது.

"பேர்போன கடையிலை உதெல்லாம் வராது அண்ணை" என்றார். சரி, பேர்போன கடையின் கதையையே சொல்கிறேன் என்று உட்கார்ந்தேன்.

ஹெஸ்டன் புளூமன்தாலைத் தெரியுமா என்று கேட்டேன். "மொட்டைத் தலை, கறுப்பு பிரேம் கண்ணாடி, வெயிட்ரோஸ் சுப்பர்மார்க்கெட் கிறிஸ்மஸ் புடிங்குக்குள்ளை முழுத் தோடம்பழம் வைச்ச ஆளோ?" அவரேதான். பதினாறு வயதில் குடும்பத்தோடு பிரான்ஸின் புரோவான்ஸ் பகுதிக்குப் போய், அங்கே ஒரு பெரிய உணவகத்தில் சாப்பிட்ட அன்றே சமையல்காரனாவது என்று முடிவெடுத்தவர். சமையற் கல்லூரிப் பக்கம் போகவில்லை. போட்டோகொப்பி இயந்திரம் விற்றார், கடன் வசூலித்தார், இரவில் பிரெஞ்சுச் சமையல் புத்தகங்களைப் படித்தார். 1995இல் பெர்க்‌ஷயரில் பிரே என்ற கிராமத்தில் ஒரு பழைய பப்பை வாங்கி ஃபேட் டக் என்று பெயர் வைத்தார். 2004இல் மூன்றாவது மிஷலின் நட்சத்திரம் கிடைத்தது, உணவகங்களுக்கு மிஷலின் கொடுக்கும் உச்ச மதிப்பு அதுதான். 2005இல் உலகின் மிகச் சிறந்த உணவகம் என்ற பட்டமும் வந்தது. ஒரு பழைய பப்புக்குப் பத்து வருடத்தில் இது.

எனக்கு அவரைப் பிடித்ததற்குக் காரணம் நத்தைக் கஞ்சியோ, பேக்கனும் முட்டையும் போட்ட ஐஸ்கிரீமோ அல்ல. இறைச்சியைச் சுள்ளென்ற சூட்டில் வாட்டினால் சாறு உள்ளே அடைபட்டுவிடும் என்று எல்லாச் சமையல்காரரும் ஓதிக்கொண்டிருந்த காலத்தில், அது பொய் என்று படித்ததும், இனி எதையும் சோதிக்காமல் நம்புவதில்லை என்று தொடங்கிய மனிதர் அவர். உருளைக்கிழங்கு சிப்ஸுக்குக்கூடக் கணக்கு வைத்திருந்தார். முதலில் உடையும் பதத்துக்கு அவியல், பிறகு 130 பாகையில் ஒரு பொரியல், கடைசியில் 180இல் இன்னொன்று. வெப்பமானி இல்லாமல் அந்தக் குசினியில் ஒன்றும் நகராது. (நம் கடைகளில் வெப்பமானி மேசை லாச்சிக்குள், உறையும் கழற்றாமல் கிடக்கும். அது வேறு கட்டுரை.)

அப்படிப்பட்ட குசினியில்தான் 2009 ஜனவரி, பெப்ரவரியில் சாப்பிட்டவர்களில் 500க்கும் அதிகமானோர் சத்தியும் வயிற்றோட்டமுமாக விழுந்தார்கள். பெப்ரவரி கடைசியில் கடையை மூடினார்கள், மார்ச்சில்தான் திறந்தார்கள். கிருமி நோரோ வைரஸ். கழிவுநீர் கலந்த கடலில் வளர்ந்த, சமைக்காத சிப்பியோடு அது உள்ளே வந்திருக்கும் என்பது பிரிட்டனின் அப்போதைய சுகாதாரப் பாதுகாப்பு முகமையின் முடிவு. ஆனால் அந்த அறிக்கையில் என் கண் நின்றது வேறு இடத்தில். நோய் நீண்டு பரவியதற்குக் காரணமாக இருந்திருக்கக்கூடியவை என்று மூன்று விஷயங்களை எழுதியிருந்தார்கள்: தாமதமாக நடவடிக்கை எடுத்தது, நோரோ வைரஸுக்குச் சரிவராத துப்புரவு மருந்தைப் பாவித்தது, நோயோடு ஊழியர்கள் வேலை செய்தது.

அந்த மூன்றாவதை முதலாளிக்கு இரண்டு தரம் வாசித்துக் காட்டினேன். அவர் சொன்ன பதில்: "நாங்கள் பழசு ஒண்டும் வைக்கிறேல்லை அண்ணை. எல்லாம் அண்டண்டைக்குச் சமைக்கிறது."

இதைக் கேட்டால் எனக்குத் தலையிடி வரும். நோரோ வைரஸுக்கும் பழசுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. அது உணவில் வளர்வதும் இல்லை, உணவைப் பழுதாக்குவதும் இல்லை. மணம் மாறாது, நிறம் மாறாது, ருசி மாறாது. ஐந்து நிமிடத்துக்கு முன் துருவிய தேங்காயிலும் இருக்கும், இப்போதுதான் நறுக்கிய வெங்காயத்திலும் இருக்கும். ஏனென்றால் அது வந்தது தேங்காயிலிருந்து அல்ல, பிசைந்த கையிலிருந்து. ஃபிரிட்ஜில் வைத்தாலும் சாகாது. கொதிக்கிற கறியில் சாகும், உண்மைதான். சம்பலை யார் கொதிக்க வைக்கிறார்கள்? கறிக்கு மேல் தூவும் கொத்தமல்லியை? ரொட்டியைச் சுட்டபின் கையால் அடுக்குவதை? சில பத்துத் துணிக்கைகளே ஓர் ஆளைப் படுக்கவைக்கப் போதும். சத்தி எடுப்பவரிடமிருந்து அது கோடிக்கணக்கில் வெளியேறுகிறது. சாப்பிட்டவருக்குப் பன்னிரண்டு மணிக்கும் நாற்பத்தெட்டு மணிக்கும் இடையில் நோய் காட்டும். அதற்குள் அவர் இன்னும் இரண்டு கடையில் சாப்பிட்டிருப்பார். பழியும் அந்தக் கடைக்குப் போய்விடும். அதனால்தான் "எங்களிட்டை இதுவரை ஒருத்தரும் முறையிடேல்லை" என்று உங்களால் சொல்ல முடிகிறது.

கையில் ஜெல் பூசினேன் என்று சொல்லாதீர்கள். மதுசாரம் கலந்த ஜெல்லுக்கு இந்த வைரஸ் அவ்வளவாக மசியாது. சவர்க்காரமும் ஓடும் தண்ணீரும்தான் வேண்டும், இருபது விநாடியாவது. மேசை துடைக்கும் போத்தலைத் திருப்பி லேபலைப் படியுங்கள். இ.என் 1276 என்ற ஐரோப்பியத் தர எண் மட்டும் இருந்தால் அது பாக்டீரியாவுக்கான சோதனை. வைரஸுக்கு இ.என் 14476 என்றிருக்க வேண்டும். குசினியில் யாராவது சத்தி எடுத்தால், அந்த இடத்தில் மூடாமல் இருந்த சாப்பாடு அத்தனையும் குப்பைக்கு. விலையைப் பார்க்காதீர்கள். பிறகு குளோரின் மருந்தால் துடைத்து, உணவு படும் இடங்களைத் தண்ணீரால் அலசுங்கள்.

எல்லாவற்றுக்கும் மேலாக, நோய் வந்தவனை வீட்டுக்கு அனுப்புங்கள். சத்தியும் வயிற்றோட்டமும் முற்றாக நின்று 48 மணித்தியாலம் போகும்வரை அவன் குசினிக்குள் வரக்கூடாது. முதலாளிமாரே, தயவுசெய்து அந்த இரண்டு மூன்று நாள் சம்பளத்தைக் கொடுத்துவிடுங்கள். வாடகை கட்ட வேண்டிய பெடியன் சம்பளம் வெட்டினால் பொய் சொல்லுவான். நானும் இந்த ஊருக்கு வந்த புதிதில் காய்ச்சலோடு கோப்பை கழுவியவன்தான்.

2014இல் லண்டனில் ஹெஸ்டனின் 'டின்னர்' என்ற உணவகத்தையும் இதே வைரஸுக்காக ஒரு வாரம் மூடினார்கள். அங்கே சாப்பிட வந்தவர்களோடு ஊழியர்களும் விழுந்தார்கள். அதைச் சொன்ன பிறகுதான் முதலாளி எழும்பிப் போய், சம்பல் சட்டியைத் தானே குப்பையில் கவிழ்த்தார்.

பெடியன் ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு என்னிடம் வந்தான். "அண்ணை, நாளைக்குப் பின்னேரம் வரலாமோ?"

"கடைசியா எப்ப சத்தி எடுத்தனீ?"

"இப்ப, நீங்கள் கதைச்சுக்கொண்டிருக்கேக்கை."

"அப்ப இன்னும் எண்ணவே தொடங்கேல்லை. வீட்டை போய்ப் படு."